முதல் தரச் சரக்கு

ஓசூர்
5-5-57

மாமா அவர்களுக்கு ஆஞ்சப்பன் வணங்கி எழுதிக்கொண்டது.

நானும் சரசுவும் சுகம். அத்தைக்கு முழங்கால் வலி எப்படி இருக்கிறது என்று சரசு கேட்கச் சொன்னாள். உங்கள் இருமல் நின்றதா?

இங்கே போன வாரம் முழுக்க ஒரே பேஜார். முகூர்த்த நாள் என்பதால் நான் போகிற பெங்களூர் வண்டியில் கல்யாணக் கிராக்கிகள் ஏறி, டிக்கெட் கொடுக்கக் கையைத் தூக்க இடமில்லை. ஒரு சாவுகிராக்கி அத்திப்பள்ளியில் கூட்டத்தோடு இறங்கி, டிக்கெட் வாங்காமலே கம்பி நீட்டிவிட்டான். நான் டபாய்த்துவிட்டேன் என்று டைம்கீப்பர் சென்னப்பன் என்மேல் பாய்கிறார். மேனேஜருக்கு ஐஸ் வைத்தே காலம் தள்ளுகிற ஆசாமி அவர்.

உங்கள் மருந்துக் கடைக்குப் பெங்களூரிலிருந்து ஏதாவது வேண்டுமென்றால் ஒரு கார்டு போடுங்கள். மார்க்கெட்டில் வாங்கி, கிருஷ்ணகிரி வண்டியில் ஏற்றிவிடுகிறேன். வீட்டுக்குத் தபால் வர நாளாகிறது. பஸ் கம்பெனி விலாசத்துக்கே போடுங்கள்.

அத்தைக்கு என் கும்பிடு.

ஆஞ்சப்பன்

*

கிருஷ்ணகிரி
11-5-57 (கார்டு)

மாப்பிள்ளைக்கு நாராயணப்பன் ஆசி. இருமல் குறைந்தது. அவளுக்குக் கால் அப்படியே.

உங்கள் கடிதத்தைப் புரிந்துகொள்ளக் கடையில் மூன்று பேரைக் கேட்க வேண்டியிருந்தது. கிராக்கி என்றால் பொருளுக்கு உள்ள தேவை. பஸ்ஸில் ஏறும் மனிதன் எப்படிக் கிராக்கி ஆவான்? எந்தக் கம்பியை எவன் நீட்டினான்? மருந்துக் கடையில் ஒரு சொல் பிசகினால் ஓர் உயிர் போகும். சொல்லைச் சொல்லாக எழுதவும்.

போன மாதம் நீங்கள் அனுப்பிய சரக்கில் காரமே இல்லை. வாங்கியவர்கள் குறை சொல்கிறார்கள். முதல் தரச் சரக்காக இரண்டு வீசை வேண்டும். நாக்கில் பட்டதும் சுரீரென்று ஏற வேண்டும். நம் மண்டிக்காரரிடம் என் பெயரைச் சொன்னால் எது என்று அவருக்குத் தெரியும். வழியில் பிறர் கை படாமல் உங்கள் காலடியிலேயே வைத்துக்கொண்டு வரவும். இங்கே கேட்பவர்கள் தினமும் வந்து திரும்பிப் போகிறார்கள்.

சரசுவுக்கு ஆசி.

நாராயணப்பன்

*

ஓசூர்
20-5-57

மாமாவுக்கு,

சுகம். உங்கள் சுகத்துக்கு எழுதவும்.

இனிமேல் தயவுசெய்து கார்டில் எதுவும் எழுத வேண்டாம். கவரில் போட்டு ஒட்டி, வீட்டு விலாசத்துக்கு அனுப்புங்கள். சரக்கு என்ற வார்த்தையை எழுதவே வேண்டாம். அந்தப் பொருளின் பெயரையே எழுதிவிடுங்கள். அக்கரகாரம் என்றால் அக்கரகாரம் என்று.

இந்த மாதம் வாங்கி அனுப்ப முடியாது. மன்னிக்கவும்.

ஆஞ்சப்பன்

*

கிருஷ்ணகிரி
27-5-57

மாப்பிள்ளைக்கு ஆசி.

நலம் கேட்டு எழுதக்கூட மனம் வரவில்லை, அவ்வளவு எரிச்சலில் இருக்கிறேன். ஆனாலும் கேட்கிறேன். இருவரும் நலமா?

சரக்கு என்று எழுத வேண்டாமாம்! முப்பத்திரண்டு வருஷமாக மருந்துக் கடை நடத்துகிறவனுக்கு, பஸ்ஸில் ஏறுபவனைக் கிராக்கி என்று எழுதுகிறவர் சொல் சொல்லிக் கொடுக்கிறார். வேர், பட்டை, பூ, காய், உப்பு, பாஷாணம், இத்தனைக்கும் சேர்த்து வைத்தியத்தில் ஒரே பெயர் சரக்கு. மளிகைக் கடைக்காரருக்கு மிளகும் சீரகமும் சரக்கு. ரயிலில் போவது சரக்கு. கன்னடக்காரரும் தெலுங்குக்காரரும் கொஞ்சம் நாக்கை மாற்றி இதையேதான் சொல்கிறார்கள். நம் பக்கத்தில் மூன்று பாஷைக்காரர்களும் சண்டையில்லாமல் ஒத்துக்கொண்ட சொற்கள் குறைவு. அதில் ஒன்றை எழுதக்கூடாது என்பதற்குக் காரணம் ஒரு வரி எழுதினீர்களா? இல்லை.

கவர் வாங்கி ஒட்டுவதற்கு இதில் என்ன ரகசியம் இருக்கிறது? என் வியாபாரத்தை ஊரே பார்க்கலாம். உங்கள் கம்பெனியில் யாருக்காவது சந்தேகமென்றால் கிருஷ்ணகிரிக்கு ஆள் அனுப்பி என் கடையை வந்து பார்க்கச் சொல்லுங்கள்.

அக்கரகாரம் இல்லாமல் பல்வலிக்காரர்கள் என்னைத் திட்டிக்கொண்டு போகிறார்கள். உங்களால் முடியாதென்றால் வேறு ஆளைப் பார்த்துக்கொள்கிறேன்.

நாராயணப்பன்

*

ஓசூர்
14-6-57

மாமா அவர்களுக்கு,

இருவரும் சுகம். அத்தை சுகமென்று நம்புகிறேன்.

கோபித்துக்கொள்ளாமல் ஓர் உதவி செய்ய வேண்டும். சரக்கு என்றால் என்ன அர்த்தம் என்று உங்கள் கையால் ஒரு தாளில் எழுதி, கையெழுத்துப் போட்டு அனுப்புங்கள். கம்பெனியில் ஒருவருக்குக் காட்ட வேண்டும். சின்னதாக இருந்தால் போதும். நிறைய எழுத வேண்டாம்.

கடைக்கு யாரையும் அனுப்பத் தேவையில்லை. அந்தப் பேச்சே வேண்டாம்.

சரசு அடுத்த மாதமும் அங்கே வர முடியாது. எனக்கு லீவு இல்லை.

ஆஞ்சப்பன்

*

கிருஷ்ணகிரி
18-6-57

மாப்பிள்ளைக்கு ஆசி. நலம்.

இப்போதாவது அர்த்தம் கேட்கத் தோன்றியதே, மகிழ்ச்சி. சின்னதாக எழுத எனக்குத் தெரியாது. கேட்பவர் படித்தவராக இருந்தால் புரிந்துகொள்வார். கீழே எழுதியிருப்பதை அப்படியே கிழித்துக் கொடுக்கவும்.

“சரக்கு எனப்படுவது மனிதனின் துன்பம் தீர உள்ளே கொடுக்கப்படும் பொருள். பச்சையாகவும் உண்டு, காய்ச்சியும் இறக்கியும் உண்டு. அளவோடு போனால் உடம்பைத் தேற்றும். அளவு மீறினால் ஆளைச் சாய்க்கும். நாள்பட ஊறியதற்கு வீரியம் அதிகம். நான் முப்பத்திரண்டு ஆண்டுகளாக இத்தொழில் செய்கிறேன். எனக்கு முன் என் தகப்பனார் செய்தார். கிருஷ்ணகிரியில் பெரிய உத்தியோகஸ்தர்கள் முதல் வண்டிக்காரர்கள் வரை என்னிடம் சரக்கு வாங்காதவர் கிடையாது. இதை எங்கு வேண்டுமானாலும் வந்து சொல்லத் தயார். இப்படிக்கு, நாராயணப்பன்.”

இதற்குமேல் சந்தேகம் வராது.

நாராயணப்பன்

*

கிருஷ்ணகிரி
21-7-57

மாப்பிள்ளைக்கு ஆசி.

ஒரு மாதமாகப் பதில் இல்லை. விளக்கம் கிடைத்ததா, போய்ச் சேர்ந்ததா என்றுகூட ஒரு வரி இல்லை. சரசுவைக் காணாமல் அவள் அம்மா தினமும் பஸ் வரும் நேரத்துக்கு வாசலில் போய் நிற்கிறாள். முழங்கால் வலிக்கு நிற்கக்கூடாது என்று நான் சொன்னால், “பேனாவப் புடிச்சு மாப்பிளய வெரட்டிட்டீங்க” என்கிறாள். உடனே எழுதவும்.

நாராயணப்பன்

*

ஓசூர்
2-8-57

அப்பாவுக்கு, சரசு எழுதுகிறேன்.

நான் நன்றாக இருக்கிறேன் என்று எழுத வேண்டுமே என்று எழுதுகிறேன். அவருக்குத் தெரியாமல் இதை எழுதுகிறேன். இரண்டு பேரும் மாற்றி மாற்றி எழுதிய கடிதங்களைப் படித்துப் படித்து என் பொறுமை போய்விட்டது.

அவருக்கு வேலை இல்லை, அப்பா. இன்று நேற்றல்ல. மே பதினாலாம் தேதியிலிருந்து இல்லை.

அதற்கு முந்தின நாள் பெங்களூரிலிருந்து திரும்பும்போது எல்லைச் சாவடியில் போலீஸ்காரர்கள் வண்டியைச் சோதித்தார்கள். பின் சீட்டுக்கு அடியில் ஒரு புளிக் கூடை. அதற்குள் ஆறு பாட்டில் சாராயம். அந்தப் பக்கம் கடையில் வைத்து விற்கிறார்கள், இந்தப் பக்கம் மதுவிலக்கு, அதனால் இது தினமும் நடப்பதுதான். “யாருதுய்யா இது?” என்று கேட்டதற்கு வண்டியில் ஒருவரும் வாய் திறக்கவில்லை. பாட்டிலை எடுத்துக்கொண்டு, இவர் பெயரை எழுதிக்கொண்டு அனுப்பிவிட்டார்கள். அதோடு போயிருக்கும். மறுநாள் காலையில் உங்கள் கார்டு கம்பெனிக்கு வந்தது.

டைம்கீப்பர் சென்னப்பன் கார்டுகளைப் பிரித்து வைக்கும்போது படித்தாராம். முதல் தரச் சரக்கு. நாக்கில் பட்டதும் ஏற வேண்டும். காலடியில் வைத்துக்கொண்டு வரவும். நம் மண்டிக்காரரிடம் என் பெயரைச் சொன்னால் தெரியும். அப்பா, நீங்களே ஒரு தரம் படித்துப் பாருங்கள். இங்கே யாரைக் கேட்டாலும் சரக்கு என்றால் ஒரே அர்த்தம்தான். சாராயம். மதுவிலக்கு வந்ததிலிருந்து அந்தப் பெயரை வாயால் சொல்ல முடியாமல் சரக்கு, சரக்கு என்று சொல்லியே அது அப்படி ஆகிவிட்டது. உங்கள் கடையில் உட்கார்ந்திருக்கும் உங்களுக்கு மட்டும்தான் தெரியாது.

மேனேஜருக்கு வண்டி பர்மிட் போய்விடும் என்று பயம். அன்றைக்கே இவரை நிறுத்திவிட்டார். வீசை என்று எழுதியிருக்கிறதே, சாராயத்தை யாராவது வீசைக் கணக்கில் நிறுத்து வாங்குவார்களா என்று இவர் கேட்டதற்கு, “அதுவும் உங்க பாஷைதான்” என்றாராம். பிறகு விளக்கம் ஒன்று அனுப்பினீர்களே! அதை மேனேஜர் உரக்கப் படித்தாராம். “காய்ச்சியும் இறக்கியும்” என்ற இடத்தில் எழுந்தே நின்றுவிட்டாராம். “குடும்பமே இந்தத் தொழிலாய்யா?” என்று கேட்டிருக்கிறார்.

இப்போது இவர் புளி மண்டியில் மூட்டை தூக்குகிறார்.

இன்னும் ஒன்று சொல்ல வேண்டும். சொன்னால் இவர் என்னை மன்னிக்கமாட்டார். ஆனாலும் சொல்கிறேன். கிருஷ்ணகிரிக்கு ஆள் அனுப்பி உங்கள் கடையைப் பார்த்துவிட்டு வரச் சொல்கிறேன், மருந்துக் கடைதான் என்றால் வேலை தருகிறேன் என்று மேனேஜர் ஆரம்பத்திலேயே சொல்லிவிட்டார். இவர்தான் வேண்டாம் என்றார். அதனால்தான் சந்தேகம் இன்னும் இறுகிவிட்டது. ஏன் வேண்டாம் என்றீர்கள் என்று நானும் சண்டை போட்டேன். கடைசியில் போன வாரம் சொன்னார்.

“உங்கப்பா கடையில திராட்சை அரிஷ்டம் ஜாடியில இருக்குதில்ல? அதத்தான் பாதி ஊரு சாயங்காலமானா போதைக்கு வாங்கிக் குடிக்குது. வைத்தியர் கடை சரக்குன்னா அங்க அதுதான் அர்த்தம். பஸ்ஸுல நானே எத்தனையோ வாட்டி கேட்டிருக்கேன். ஆள் போனா அது வெளிய வந்துடும். அந்த மனுசனுக்கு ஒண்ணும் தெரியாது. ஆனா யாரு நம்புவாங்க?”

உங்கள் கடையைக் காப்பாற்ற இவர் மூட்டை தூக்குகிறார். நீங்கள் இவருக்குக் கிராக்கி என்ற சொல்லுக்கு அர்த்தம் சொல்லிக் கொண்டிருக்கிறீர்கள்.

செப்டம்பர் ஒன்பதாம் தேதி காலை பத்து மணிக்குக் கடைசி விசாரணை. அன்றைக்கு நிரந்தரமாக நீக்கிவிடுவார்கள் என்று பேச்சு.

அம்மாவிடம் எதுவும் சொல்ல வேண்டாம்.

சரசு

*

கிருஷ்ணகிரி
25-8-57

சரசுவுக்கு அப்பா ஆசீர்வாதம்.

உன் கடிதம் வந்து மூன்று வாரமாகிறது. பதில் எழுத உட்கார்ந்து நாலு தாளைக் கிழித்துப் போட்டேன்.

முதல் இரண்டு நாள் உன்மேல்தான் கோபம். பிறகு மாப்பிள்ளைமேல். என் கடையைப் பற்றி இப்படியொரு பேச்சா என்று. ராமப்பன் நம் கடையில் பதினோரு வருஷமாக மருந்து நிறுக்கிறான். அவனைக் கூப்பிட்டு, “அரிஷ்டம் வாங்கறவங்க எதுக்குப்பா வாங்கறாங்க?” என்றேன்.

“குடிக்கத்தானுங்க” என்றான்.

“அது தெரியும். என்ன வியாதிக்கு?”

“சாயங்காலமானா வர்ற வியாதிங்க.”

“இத்தன நாளா ஏன் எங்கிட்ட சொல்லல?”

அவன் என்னை ஒருமாதிரி பார்த்தான். “உங்களுக்குத் தெரியும்னுதானுங்க நெனச்சிருந்தேன். போர்டுலயே எழுதி வச்சிருக்கீங்களே” என்றான்.

நான் தெருவில் இறங்கி நின்று என் கடைப் பலகையைப் படித்தேன். நானே சொல் பொறுக்கி, சேலத்திலிருந்து ஆள் வரவழைத்து எழுதவைத்தது. “இங்கு சகலவித முதல் தரச் சரக்குகளும் எந்நேரமும் கிடைக்கும்.” எதிரே மாம்பழ மண்டியில் நின்ற இரண்டு பேர் நான் படிப்பதைப் பார்த்துச் சிரித்தார்கள். எத்தனை வருஷமாகச் சிரிக்கிறார்களோ!

அன்று சாயங்காலம் கல்லாவை விட்டு எழுந்து, கடைக்குள் ஓர் ஓரமாக உட்கார்ந்து பார்த்தேன். வந்தவர்களில் ஏழு பேர் அரிஷ்டம் கேட்டார்கள். ஏழு பேருக்கும் நல்ல உடம்பு. ஒருவன் ராமப்பனைப் பார்த்துக் கண்ணடித்தான். இந்த ஊரில் அஜீரணம் அதிகமாகிவிட்டது, தண்ணீர் சரியில்லை போலிருக்கிறது என்று உன் அம்மாவிடம் எத்தனை தரம் கவலைப்பட்டிருக்கிறேன்! அவளும் பாவம், ஒரு கைப்பிடி சீரகம் அதிகமாகப் போட்டு ரசம் வைத்தாள்.

மூன்று ஜாடி அரிஷ்டத்தையும் கொல்லையில் ஊற்றிவிட்டேன். பூசணம் பிடித்துவிட்டது என்று அவளிடம் சொல்லியிருக்கிறேன். அவள் நம்பவில்லை. அந்த வாசனை இரண்டு நாள் போகவில்லை.

சரசு, எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. யார்மேல் என்றுதான் தெரியவில்லை. ஒரு சொல்லைப் பத்துப் பேர் கண்ணடித்துக்கொண்டு சொன்னால் அதன் அர்த்தம் போய்விடுமா? போய்விட்டிருக்கிறது. நான் அதே இடத்தில் உட்கார்ந்திருக்கிறேன், சொல் எழுந்து தெருவுக்குப் போய்விட்டது.

ஒன்பதாம் தேதி நான் வருகிறேன். மாப்பிள்ளையிடம் சொல்லாதே. சொன்னால் தடுத்துவிடுவார்.

அப்பா

*

ஓசூர்
15-9-57

அத்தைக்கு ஆஞ்சப்பன் கும்பிடு.

சரசுவும் நானும் சுகம். மாமா ஓசூர் வந்துவிட்டுப் போனதிலிருந்து வீட்டில் ஒரு வார்த்தையும் பேசவில்லை, என்ன நடந்தது என்று கேட்டு ராமப்பனை விட்டு எழுதியிருக்கிறீர்கள். மறைக்க இனி ஒன்றுமில்லை. நாலு மாதமாக எனக்கு வேலை இல்லை, உங்களுக்குச் சொல்லாமல் இருந்தோம். ஏன் போயிற்று என்பதைச் சரசு தனியாக எழுதியிருக்கிறாள். அதைப் படிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு இதைக் கேளுங்கள்.

விசாரணைக்கு நான் உள்ளே போனபோது மாமா முன்பே அங்கே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். வெள்ளை வேட்டி, மடியில் ஒரு பொட்டலம். 

மேனேஜர் கார்டை எடுத்து மேசையில் போட்டு, “இது நீங்க எழுதினதா?” என்றார்.

“ஆமாங்க. இதுல எழுதியிருக்கிற சரக்கு இதுதான்” என்று மாமா பொட்டலத்தைப் பிரித்து வைத்தார். காய்ந்த வேர்த் துண்டு. அக்கரகாரம். “ஒண்ணை வாயில போட்டு மெல்லுங்க” என்றார்.

மேனேஜர் சிரித்துக்கொண்டே போட்டார். கொஞ்ச நேரத்தில் சிரிப்பு நின்றது. கண்ணில் தண்ணீர். எச்சில் ஊறி ஊறி, கைக்குட்டையை வாயில் வைத்துக்கொண்டார். ஏதோ சொல்ல வந்தார், நாக்கு புரளவில்லை. மாமா கார்டைக் கையில் எடுத்து, “நாக்குல பட்டதும் சுரீர்னு ஏறணும்னு எழுதியிருக்கேன். ஏறுதுங்களா?” என்றார். அத்தை, அந்த நிலைமையிலும் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

அதோடு முடிந்திருக்க வேண்டும். மேனேஜர் வாயைக் கொப்புளித்துவிட்டு வந்து, தலையை ஆட்டிக்கொண்டு பேனாவை எடுத்தார். அப்போது சென்னப்பன் எழுந்தார். கெட்டவர் இல்லை அவர், காதில் விழுந்ததைச் சொல்லாமல் இருக்கத் தெரியாதவர்.

“இது மருந்து, சரிங்க. ஆனா கிருஷ்ணகிரி ஆளுங்க நம்ம ஸ்டாண்டுல பேசிக்கறத நான் கேட்டிருக்கேன். ‘பெங்களூருக்கு எதுக்குடா போறே, வைத்தியர் கடையிலயே சரக்கு இருக்குதே’ன்னு. அது என்னா சரக்கு? ஆஞ்சப்பனுக்குத் தெரியாம இருக்காது. கேளுங்க.”

மேனேஜர் என்னைப் பார்த்தார். “நான் கேட்டதில்லீங்க” என்றேன்.

“என் மாப்பிள்ளை பொய் சொல்றாருங்க” என்றார் மாமா.

மாமா மேசைப் பக்கம் திரும்பினார்.

“அவருக்குத் தெரியும். எனக்குத்தான் தெரியாது. என் கடையில திராட்சை அரிஷ்டம் வித்தேன். மருந்துன்னு நெனச்சு வித்தேன், ஊரு சாராயம்னு நெனச்சு குடிச்சிருக்குது. கடைசி ஜாடி வரைக்கும் கொல்லையில ஊத்திட்டுத்தான் வந்திருக்கேன். நம்பறதும் நம்பாததும் உங்க இஷ்டம். ஆனா ஒண்ணு யோசிங்க. அந்தச் சொல்லுக்கு அந்த அர்த்தம் எனக்குத் தெரிஞ்சிருந்தா, கடை வாசல்ல ‘முதல் தரச் சரக்கு எந்நேரமும் கிடைக்கும்’னு கொட்டை எழுத்துல பலகை மாட்டியிருப்பேனா? அத கார்டுல எழுதி ஊருக்கெல்லாம் தெரியற மாதிரி தபால்ல போடுவேனா?”

 நான் அவர் பக்கத்தில் போய் நின்றுகொண்டேன். வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை.

மேனேஜர் கார்டை எடுத்து மறுபடி படித்தார்.  “ஏன்யா ஆஞ்சப்பா, மாமனார் கடையில ஜாடி ஜாடியா இருக்கறப்போ ஆறு பாட்டிலுக்காக எவனாவது சாவடியில மாட்டுவானா? இத அன்னைக்கே சொல்லியிருந்தா நாலு மாசம் எனக்கும் தலவலி இல்ல, உனக்கும் இல்ல. சரி, போ. பெங்களூர் லைன் வேணாம். திங்கக்கெழமயிலருந்து தேன்கனிக்கோட்டை வண்டியில ஏறு” என்றார். அந்தப் புளிக் கூடை யாருடையது என்று கடைசிவரை தெரியவில்லை.

வெளியே வந்து பஸ் ஸ்டாண்டில் காபி குடித்தோம். மாமா என் பக்கம் திரும்பினார். “ஏன் எங்கிட்ட சொல்லல?” என்று கேட்டார்.

“எப்படிங்க சொல்றது? கார்டுலயா?” என்றேன்.

கோபித்துக்கொள்வார் என்று நினைத்தேன். டம்ளரைக் கீழே வைத்துவிட்டு என் தோளைத் தொட்டுப் பார்த்தார். மூட்டை தூக்கித் தூக்கிக் காய்த்துப்போன இடம். சட்டைக்கு மேலேயே தெரிந்திருக்கும். பிறகு வண்டி ஏறிவிட்டார்.

அவரைத் திட்ட வேண்டாம், அத்தை. நேரத்துக்குச் சாப்பிடச் சொல்லுங்கள்.

ஆஞ்சப்பன்

*

கிருஷ்ணகிரி
17-11-57

மாப்பிள்ளைக்கும் சரசுவுக்கும் நாராயணப்பன் ஆசீர்வாதம்.

உங்கள் கடிதம் கிடைத்தது. சரசுவுக்கு நாலாம் மாதம் என்று படித்ததும் உன் அம்மா முழங்காலை மறந்து எழுந்து நின்றாள். தேன்கனிக்கோட்டை வண்டியில் தூசியும் யானை பயமும் தவிர வேறு பேஜார் இல்லை என்று மாப்பிள்ளை எழுதியிருக்கிறார். தூசிக்கு ஆடாதோடை இலையைக் கஷாயம் வைத்துக் குடிக்கவும். யானைக்கு என்னிடம் மருந்தில்லை.

இங்கே சாயங்கால வியாபாரம் போய்விட்டது. ஆனாலும் அரிஷ்டம் கேட்டு ஆட்கள் வருவது நிற்கவில்லை. இல்லை என்றால் குரலைத் தாழ்த்தி, “பயப்படாதீங்க, நம்ம ஆளுதான்” என்கிறார்கள். நம்ம ஆளாம்! ஒரு நாளைக்கு இருபது பேருக்கு இல்லை, இல்லை என்று சொல்லித் தொண்டை கட்டிப்போகிறது. பலகையை இறக்கிப் பெயின்டரிடம் கொடுத்தேன். அந்த வரியை அழித்துவிட்டு என்ன எழுதட்டும் என்று கேட்டான். இரண்டு நாள் யோசித்தேன். கடைசியில் நாட்டு மருந்துக் கடை என்று மட்டும் போதும் என்றேன்.

நேற்று சிங்காரப்பேட்டையிலிருந்து பாப்பம்மா என்று ஓர் அம்மாள் வந்தாள். மருமகளுக்குப் பிள்ளை பிறந்து மூன்றாம் நாள். பிள்ளை பெற்றவளுக்குக் கொடுக்கும் சுக்கு, திப்பிலி, ஓமம், சதகுப்பை எல்லாவற்றையும் சேர்த்துப் பிரசவச் சரக்கு என்றுதான் அவள் அம்மா காலத்திலிருந்து கேட்டு வாங்கியிருப்பாள். எத்தனை ஆயிரம் பொட்டலம் அந்தப் பெயரில் இந்தக் கடையில் கட்டியிருக்கிறோம்! வாசலில் ஆண்கள் இரண்டு பேர் நின்றிருந்தார்கள். அவள் வாயைத் திறந்தாள், அவர்களைப் பார்த்தாள், முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். பிறகு மெதுவாக, “பிரசவ... மருந்து சாமானுங்க” என்றாள்.

ராமப்பன் என்னைப் பார்த்தான். முன்பு போல நான் அவளுக்குச் சரியான சொல்லை எடுத்துச் சொல்வேன் என்று எதிர்பார்த்திருப்பான். நான் நிறுத்துக் கட்டி, எந்த நாளில் எவ்வளவு இடித்துக் கொடுக்க வேண்டும் என்று மட்டும் சொல்லி அனுப்பினேன். பிள்ளை என்ன என்று கேட்டேன். பெண் குழந்தையாம்.

சரசுவுக்கு இப்போதிருந்தே சாப்பிட வேண்டியவற்றை ஒரு பொட்டலமாகக் கட்டி, காலை வண்டியில் கொடுத்தனுப்புகிறேன். நன்றாக உலர்த்தி, நானே பார்த்துப் பொறுக்கி எடுத்தது. மேலே என்ன இருக்கிறது என்று எழுத வேண்டுமே என்று பேனாவை எடுத்தேன். ‘சரக்’ வரை எழுதி அடித்துவிட்டேன். பிறகு மருந்துச் சாமான் என்று எழுதினேன்.

உடம்பைப் பார்த்துக்கொள் அம்மா. மாப்பிள்ளை நாலு நாள் லீவு போட்டு உன்னை அழைத்துக்கொண்டு வரட்டும்.

அப்பா